உல்லாசக் கப்பலிலிருந்து ஒருநாள் கரைச்சுற்றுலா: முதல்முறை செல்பவர்களுக்கு ஒரு வழிகாட்டி

உல்லாசக் கப்பல்கள் பெரும்பாலும் காலையில் ஒரு துறைமுகத்தை அடைந்து மாலையில் கிளம்பிவிடுகின்றன. அந்த இடைவெளிக்குள் வழிகாட்டி ஒருவருடன் பேருந்தில் ஏறி, வயல்களும் குன்றுகளும் சூழ்ந்த சாலைகளில் பயணம் செய்து, ஒரு கோட்டையையோ பழைய நகரம் ஒன்றின் இடிபாடுகளையோ பார்த்துவிட்டுத் திரும்புவதே கரைச்சுற்றுலா. கப்பல் நிறுவனத்தின் இணையதளத்தில் இரண்டு நிமிடத்தில் பதிவு செய்துவிடலாம் என்பதால் இது எளிய வேலையாகத் தெரிகிறது. ஆனால் விசா, நேரக்கணக்கு, படிக்கட்டுகள், கட்டணத்தில் சேராத செலவுகள் என்று ஒவ்வொன்றாகக் குறுக்கே வந்து நிற்கும். நாங்கள் அங்கங்கே விசாரித்து, அலைந்து தெரிந்துகொண்டவற்றை நீங்கள் புறப்படும் முன்பே தெரிந்துகொள்ள வேண்டும் என்பதற்காகவே இதை எழுதுகிறேன். ஒன்றை மட்டும் தொடக்கத்திலேயே சொல்லிவிடுகிறேன்: இந்தச் சுற்றுலாவில் நீங்கள் காசு கொடுத்து வாங்குவது கரையில் கழிக்கக் கிடைக்கும் சில மணி நேரத்தை. எந்த முடிவாக இருந்தாலும் அது அந்த நேரத்தைக் கூட்டுமா, குறைக்குமா என்று பார்த்து எடுங்கள்.

1. முதலில் மணிக்கணக்கைப் போடுங்கள்

கப்பல் பயணத்திட்டத்தில் 'ரோம்', 'பாரிஸ்', 'பெர்லின்' என்று அச்சிட்டிருப்பதை வைத்துக் கப்பல் அந்த நகரத்திலேயே நிற்கும் என்று எண்ணிவிடக் கூடாது. ரோமுக்கான துறைமுகமான சிவிதாவெக்கியா நகரத்திலிருந்து ஏறத்தாழ 80 கிலோமீட்டர் தள்ளியிருக்கிறது. பாரிஸுக்குப் போகக் கப்பல் நிற்கும் லெ ஆவ்ரிலிருந்து சுமார் 200 கிலோமீட்டர் சாலைப் பயணம் இருக்கிறது. பெர்லினுக்கான வார்னமுண்டேவிலிருந்து போவதற்கே மூன்று மணி நேரம் ஆகலாம். மாறாக, துருக்கியின் குஷாதாசியில் இறங்கினால் எபேசஸ் இடிபாடுகள் 20 கிலோமீட்டர் அளவிலேயே இருக்கின்றன. கிரேக்கத்தின் கட்டகோலோவில் இறங்கினால் பழைய ஒலிம்பியா 40 கிலோமீட்டருக்குள் இருக்கிறது.

ஆகவே பதிவு செய்வதற்கு முன் ஒரு தாளில் கணக்குப் போட்டுப் பாருங்கள். கப்பல் காலை 7 மணிக்கு வந்து மாலை 6 மணிக்குப் புறப்படுவதாக வைத்துக்கொள்வோம். கப்பலைக் கட்டி, துறைமுக அதிகாரிகள் அனுமதி கொடுத்து, பயணிகள் இறங்கிப் பேருந்தில் அமரும்போது 8.15 ஆகிவிடும். பயணிகள் கப்பலுக்குத் திரும்பிவிட வேண்டிய கடைசி நேரம், 'ஆல் அபோர்ட்' என்று கப்பலில் அறிவிப்பார்களே அது, பொதுவாகப் புறப்பாட்டுக்கு அரை மணி முதல் ஒரு மணி நேரம் முன்னதாக இருக்கும். எனவே 4.30 மணிக்காவது துறைமுகத்துக்கு வந்துவிட வேண்டும் என்று கொண்டால் கையில் இருப்பது எட்டேகால் மணி நேரம். போக மூன்று, வர மூன்று என்று கழித்தால் மிஞ்சும் இரண்டேகால் மணி நேரத்தில்தான் சாப்பாடு, கழிப்பறை வரிசை, நெரிசல் எல்லாம் அடங்க வேண்டும். ஐரோப்பிய ஒன்றிய விதிப்படி பேருந்து ஓட்டுநர் நாலரை மணி நேரம் ஓட்டினால் 45 நிமிடம் ஓய்வெடுத்தே ஆக வேண்டும் என்பதால், நீண்ட வழிகளில் 'நிற்காமல் போய்விடலாம்' என்று கேட்டுப் பயனில்லை.

போகவர ஆகும் நேரம் மொத்தத்தில் பாதிக்கு மேல் போனால், புகழ்பெற்ற நகரத்தை விட்டுவிட்டுத் துறைமுகத்தின் சுற்றுப்புறத்தைத் தேர்ந்தெடுப்பதே நல்லது என்பது என் கருத்து. லெ ஆவ்ரிலிருந்து ஓன்ஃப்ளூரின் பழைய படகுத்துறையும் எத்ரெத்தாவின் சுண்ணாம்புப் பாறைகளும் ஏறத்தாழ 30 கிலோமீட்டருக்குள் இருக்கின்றன. நார்மண்டியின் நாட்டுப்புறத்தை இறங்கி நடந்து பார்க்க நேரமும் இருக்கும். அதுபோல இத்தாலியின் லிவோர்னோ துறைமுகத்திலிருந்து புளோரன்ஸுக்கு ஓடுவதைவிட, பக்கத்தில் இருக்கும் பீசாவையும் மதில் சூழ்ந்த லுக்காவையும் நிதானமாகப் பார்க்கலாம்.

இன்னொரு பொறி கடிகாரம். கரையில் உள்ளூர் நேரம் மாறினாலும் சில கப்பல்கள் தங்கள் கடிகாரத்தை மாற்றுவதில்லை. உங்கள் கைப்பேசியோ கரையைத் தொட்டதும் தானாக மாறிவிடும். எல்லா அறிவிப்புகளும் கப்பல் நேரப்படியே இருக்கும் என்பதால், கப்பல் நேரத்துக்கு வைத்த சாதாரணக் கைக்கடிகாரம் ஒன்றைக் கட்டிக்கொள்வது பாதுகாப்பு.

2. ஆவணங்களைச் சரிபாருங்கள்

விசா தேவைப்படும் நாட்டில் அது இல்லாமல் கரையில் இறங்க முடியாது என்பது எல்லோருக்கும் தெரியும். பலருக்குத் தெரியாத செய்தி, சில துறைமுகங்களுக்கு விசா இல்லாவிட்டால், நீங்கள் அங்கே இறங்கப் போவதில்லை என்று சொன்னாலும் பயணத்தின் முதல்நாளே கப்பலில் ஏற்ற மறுத்துவிடலாம் என்பது. ஆகவே வழியில் வரும் எல்லா நாடுகளின் பட்டியலையும் எடுத்து, ஒவ்வொன்றுக்கும் உங்கள் கடவுச்சீட்டுக்கு என்ன விதி என்று அந்தந்த நாட்டுத் தூதரகத் தளத்தில் பாருங்கள். கப்பல் நிறுவனமோ முகவரோ 'எல்லாம் சரியாக இருக்கும்' என்று வாய்மொழியாகச் சொல்வதை நம்பி இருந்துவிடாதீர்கள். விசா பொறுப்பு பயணியுடையது என்று பயண ஒப்பந்தத்தில் பெரும்பாலும் எழுதியிருப்பார்கள்.

ஐரோப்பிய நாடுகள் பலவற்றுக்குப் பொதுவான ஷெங்கன் விசாவில் ஒரு நுணுக்கம் இருக்கிறது. கிரேக்கத் தீவில் ஏறி, துருக்கித் துறைமுகம் ஒன்றைத் தொட்டு, மறுபடி கிரேக்கத்துக்கு வரும் பயணத்தில் நீங்கள் ஷெங்கன் எல்லையை விட்டு வெளியேறி இரண்டாம் முறை நுழைகிறீர்கள். ஒருமுறை நுழைவு விசா இதற்குப் போதாது. பலமுறை நுழைவு வேண்டும் என்று கேட்டு, கப்பலின் வழித்தடத்தையும் விண்ணப்பத்தோடு இணைக்க வேண்டும். பிரிட்டனும் அயர்லாந்தும் ஷெங்கனில் சேராதவை. அவற்றுக்குத் தனித்தனி விதிகள். ஷெங்கன் விண்ணப்பத்தைப் பயணத்துக்கு ஆறு மாதம் முன்பிருந்தே கொடுக்கலாம். முடிவு தெரியப் பொதுவாக 15 நாள் ஆகும், சில வேளைகளில் 45 நாள் வரை இழுக்கும். பயணக் காப்பீடு குறைந்தது 30,000 யூரோ மருத்துவச் செலவை ஏற்பதாக இருக்க வேண்டும்.

கடவுச்சீட்டு, பயணம் முடிந்த பிறகும் ஆறு மாதம் செல்லுபடியாகும்படி இருக்கட்டும். கப்பல் முன்பதிவிலும் சுற்றுலாப் பதிவிலும் பெயரைக் கடவுச்சீட்டில் உள்ளபடியே எழுத்துப் பிசகாமல் கொடுங்கள். ஓரிடத்தில் முதலெழுத்தும் இன்னோரிடத்தில் தந்தை பெயரின் முழு வடிவமும் இருந்தால் வாயிலில் நின்று விளக்கம் சொல்ல நேரிடும். இத்தாலியின் பழைய நகர இடிபாடுகளான பாம்பேயி போன்ற இடங்களில் நுழைவுச்சீட்டே பெயருக்குத்தான் கொடுக்கப்படுகிறது.

சில பயணத்தடங்களில் கப்பல் நிர்வாகம் கடவுச்சீட்டுகளை வாங்கி வைத்துக்கொள்ளும். அது வழக்கமான நடைமுறைதான், பதற்றப்பட வேண்டியதில்லை. கரைக்குப் போகும்போது கப்பல் அட்டை (ஏறி இறங்கும்போது காட்டக் கப்பலில் தரும் அடையாள அட்டை), புகைப்படமுள்ள ஓர் அடையாள அட்டை, கடவுச்சீட்டு மற்றும் விசாவின் தாள் நகல் ஆகியவற்றை எடுத்துச் செல்லுங்கள். மூலக் கடவுச்சீட்டையே கொண்டுவர வேண்டிய துறைமுகமாக இருந்தால் முந்தைய நாளே அறிவிப்பார்கள்.

3. கப்பல் நிறுவனத்திடமா, வெளியாரிடமா?

கப்பல் நிறுவனம் விற்கும் சுற்றுலா விலை கூடுதல். பேருந்தில் நாற்பது பேருக்கு மேல் இருப்பார்கள். கடைசி ஆள் ஏறும்வரை எல்லோரும் காத்திருக்க வேண்டும். ஆனால் அந்தப் பேருந்து போக்குவரத்தில் சிக்கித் தாமதமானால் கப்பல் காத்திருக்கும். காத்திருக்க முடியாவிட்டால் அடுத்த துறைமுகத்துக்கு உங்களை அனுப்பிவைக்கும் செலவை நிறுவனமே ஏற்கும். வெளி நிறுவனத்தின் சிற்றுந்தில் எட்டுப் பத்துப் பேர்தான் இருப்பார்கள். வழிகாட்டியிடம் பேச முடியும். நல்ல காட்சி தென்பட்டால் வண்டியை நிறுத்தச் சொல்லலாம். நான்கைந்து பேர் சேர்ந்து போனால் பெரும்பாலும் செலவும் குறையும். ஆனால் உங்களுக்காகக் கப்பல் ஒரு நிமிடமும் நிற்காது.

எனவே தொலைவை வைத்து முடிவு செய்யுங்கள். ஒரு மணி நேரத்துக்கு மேல் போக வேண்டிய இடமென்றால் கப்பல் நிறுவனத்தின் சுற்றுலா. பக்கத்திலேயே இருந்தால் வெளி வழிகாட்டி. இத்தனை பணம் கொடுத்து வந்த பிறகு திரும்பும் வழியெல்லாம் கைக்கடிகாரத்தைப் பார்த்துக்கொண்டிருப்பதில் என்ன இன்பம் இருக்கிறது?

இதற்கு ஒரு விலக்கு உண்டு. கப்பல் கரையில் கட்டப்படாமல் கடலில் நங்கூரமிட்டு நின்று, பயணிகளைச் சிறு டெண்டர் படகுகளில் கொண்டுபோய் இறக்கும் துறைமுகங்களில், கப்பல் நிறுவனத்தின் சுற்றுலாவை வாங்கியவர்களுக்கே முதல் படகுகள் ஒதுக்கப்படும். மற்றவர்கள் எண்ணிட்ட சீட்டை வாங்கி முறைக்குக் காத்திருக்க வேண்டும். கிரேக்கத் தீவான சாண்டோரினி இப்படிப்பட்டது. அங்கே பழைய துறையில் இறங்கினால் மேலே உள்ள ஃபிரா ஊருக்குப் போக ஏறத்தாழ 600 படிகள் ஏற வேண்டும், அல்லது கேபிள் காருக்கு நிற்க வேண்டும். திரும்பும்போது பல கப்பல்களின் பயணிகள் ஒரே நேரத்தில் அந்த வரிசையில் கூடிவிடுவதால் ஒரு மணி நேரத்துக்கு மேலும் ஆகலாம்.

வெளி நிறுவனத்திடம் பதிவு செய்தால் மூன்று கேள்விகளுக்கு எழுத்தில் பதில் வாங்குங்கள். வானிலை காரணமாகக் கப்பல் அந்தத் துறைமுகத்துக்கே வராவிட்டால் பணம் முழுவதும் திரும்புமா? வண்டி துறைமுக வாயிலுக்குள் வருமா, வெளியே நாமாகப் போய்ச் சேர வேண்டுமா? எத்தனை மணிக்குத் திரும்பக் கொண்டுவந்து விடுவார்கள்? முதல் கேள்விக்கு மழுப்பலாகப் பதில் வந்தால் வேறு ஆளைப் பாருங்கள்.

4. விளக்கக் குறிப்பை வரிவரியாகப் படியுங்கள்

ஏமாற்றங்களில் பெரும்பாலானவை இங்கேதான் தொடங்குகின்றன. குறிப்பில் 'பனோரமிக்' என்று இருந்தால் பெரும்பாலும் பேருந்தின் கண்ணாடி வழியாகப் பார்ப்பதோடு சரி. 'போட்டோ ஸ்டாப்' என்றால் பத்துப் பதினைந்து நிமிடம் வெளியே நின்று படமெடுத்துவிட்டுக் கிளம்புவது; கோட்டைக்குள் போவதில்லை. 'ஆன் யுவர் ஓன்' என்பது போக்குவரத்து மட்டுமே, வழிகாட்டி கிடையாது. உள்ளே நுழைவது உறுதியா, நுழைவுக் கட்டணம் சேர்ந்ததா என்று வெளிப்படையாக எழுதியிராவிட்டால் இல்லை என்றே எடுத்துக்கொள்ளுங்கள். எபேசஸில் மலைச்சரிவு வீடுகளுக்குத் தனி நுழைவுச்சீட்டு வேண்டும் என்பதால், எபேசஸ் சுற்றுலா என்று வாங்கியவர்கள் எல்லோரும் அவற்றைப் பார்த்துவிடுவதில்லை.

நடையின் அளவைக் காட்டச் சிறு குறிகள் போட்டிருப்பார்கள். அவற்றை அப்படியே நம்பாமல், படிகள் எத்தனை, தரை எப்படிப்பட்டது, நிழல் உண்டா என்று கப்பலில் உள்ள சுற்றுலா மேசையில் கேளுங்கள். எபேசஸில் பொதுவாக மேல்வாயிலில் இறக்கிவிட்டு, கீழ்வாயிலில் பேருந்து காத்திருக்கும். அதனால் இறக்கமான பாதைதான். ஆனால் செல்சஸ் நூலகத்தை நோக்கி இறங்கும் அந்தத் தெருவின் பளிங்குக் கற்கள் காலடி பட்டுப் பட்டு வழவழவென்று ஆகியிருக்கின்றன; தோல் செருப்போடு வந்தவர்கள் ஒருவர் தோளை ஒருவர் பிடித்தபடி அடிமேல் அடி வைத்து இறங்குவதையும், ஒதுங்க ஒரு மரநிழலுக்காகத் தேடுவதையும் பார்க்கலாம். முழங்கால் வலி உள்ள பெற்றோரை அழைத்துச் செல்பவர்கள் 'மிதமான நடை' என்ற குறியோடு நின்றுவிடாமல் கேட்டு உறுதி செய்துகொள்ளுங்கள்.

கடைகளில் நிறுத்துவது பற்றியும் தேடிப் பாருங்கள். 'கம்பள நெசவு செய்முறை விளக்கம்', 'தோல் ஆடைக் காட்சி' என்பவை விற்பனைக் கூடங்கள். தேநீர் கொடுத்து உட்காரவைத்துவிட்டால் முக்கால் மணி நேரம் போய்விடும். வாங்க வேண்டிய கட்டாயம் எதுவும் இல்லை. ஆனால் அந்த முக்கால் மணி நேரம் இடிபாடுகளில் கழித்திருக்க வேண்டிய நேரம்.

கப்பல் வரும் கிழமையையும் பொருத்திப் பாருங்கள். வத்திக்கான் அருங்காட்சியகம் மாதத்தின் கடைசி ஞாயிறு தவிர மற்ற ஞாயிறுகளில் மூடியிருக்கும். புளோரன்ஸின் உஃபிசி ஓவியக்கூடம் திங்களன்று மூடியிருக்கும். ஏதென்ஸின் அக்ரோபோலிஸில் நேரம் குறித்த நுழைவுச்சீட்டு முறை இருக்கிறது. நாள் ஒன்றுக்கு 20,000 பேர் என்ற வரம்பும் உண்டு. தனியாகப் போக நினைப்பவர்கள் முன்கூட்டியே வாங்கிவிட வேண்டும்.

5. செலவை முழுமையாகக் கூட்டுங்கள்

காட்டப்படும் விலை தலைக்கு எவ்வளவு என்பதுதான். நான்கு பேர் கொண்ட குடும்பத்துக்கு அது நான்கால் பெருகும், சிறுவர் கட்டணம் எல்லாச் சுற்றுலாவிலும் இருப்பதில்லை. கப்பல் எந்த நாணயத்தில் கணக்கு வைக்கிறதோ அதில்தான் உங்கள் கேபின் கணக்கில் ஏறும். அதை நீங்கள் கடன் அட்டையில் தீர்க்கும்போது வங்கியின் அந்நியச் செலாவணிக் கட்டணமும் சேரும். கரையில் அட்டை தேய்க்கும்போது 'உங்கள் நாட்டு நாணயத்தில் செலுத்துகிறீர்களா?' என்று இயந்திரம் கேட்டால் வேண்டாம் என்று சொல்லி உள்ளூர் நாணயத்தைத் தேர்ந்தெடுங்கள். பெரும்பாலும் அதுவே மலிவாக முடியும்.

மதிய உணவு சேர்ந்ததா என்று பாருங்கள். சைவம் மட்டும் உண்பவர்கள் பதிவின்போதே தெரிவித்துவிட்டு, முந்தைய நாள் சுற்றுலா மேசையில் மறுபடி நினைவூட்டுங்கள். வழிகாட்டிக்கும் ஓட்டுநருக்கும் டிப்ஸ், பொதுக் கழிப்பறைக்குச் சில்லறை, தனி நுழைவுச்சீட்டுகள் ஆகியவற்றுக்காக உள்ளூர் நாணயத்தில் கொஞ்சம் ரொக்கம் வேண்டும். டிப்ஸ் கொடுப்பது உங்கள் விருப்பம். சில நாடுகளில் எதிர்பார்ப்பார்கள், சில நாடுகளில் எதிர்பார்க்க மாட்டார்கள்.

கப்பல் நிறுவனங்கள் பயணத்துக்கு முன் இணையத்தில் பதிவு செய்பவர்களுக்குத் தள்ளுபடி தருவதுண்டு. நல்ல சுற்றுலாக்கள் கப்பல் ஏறும் முன்பே விற்றுத் தீர்ந்துவிடும் என்பதால், ரத்து செய்யும் கடைசி நாளைப் பார்த்து வைத்துக்கொண்டு முன்கூட்டியே பதிவு செய்துவிடுவது நல்லது. அந்தக் கெடு நிறுவனத்துக்கு நிறுவனம் மாறும். அது கடந்த பிறகு மனம் மாறினால் பணம் திரும்பாது. கப்பல் ஒரு துறைமுகத்தைத் தவிர்த்துவிட்டால், அதன் சொந்தச் சுற்றுலாவுக்கான பணம் பொதுவாகத் தானாகவே கணக்கில் திரும்ப வரும்.

6. முந்தைய இரவு செய்ய வேண்டியவை

கேபினுக்கு வரும் தினசரித் தகவல் தாளிலோ செயலியிலோ மறுநாள் கூடும் இடமும் நேரமும் இருக்கும். அதே தாளில் அந்தத் துறைமுகத்தில் கப்பல் நிறுவனத்தின் உள்ளூர்ப் பிரதிநிதியாக இருக்கும் கப்பல் முகவரின் பெயரும் தொலைபேசி எண்ணும் அச்சிடப்பட்டிருக்கும். அந்தப் பகுதியைப் படமெடுத்து வைத்துக்கொண்டு, தாளையும் மடித்துப் பையில் போட்டுக்கொள்ளுங்கள். கைப்பேசியில் மின்கலம் தீர்ந்தால் தாள்தான் உதவும்.

பிடிப்புள்ள காலணி, தொப்பி, மெல்லிய மழைச்சட்டை ஆகியவை போதும். தேவாலயங்களுக்குள் தோளும் முழங்காலும் மூடியிருக்க வேண்டும். வத்திக்கானின் புனித பேதுரு பேராலயத்தில் இதைக் கண்டிப்பாகப் பார்க்கிறார்கள். பாம்பேயியில் 30×30×15 சென்டிமீட்டருக்கு மேற்பட்ட பைகளை உள்ளே விடுவதில்லை. கப்பலின் காலை உணவு மேசையிலிருந்து வழியில் சாப்பிட இரண்டு ஆப்பிளை எடுத்துக்கொள்ளும் பழக்கத்தை விட்டுவிடுங்கள். பல நாடுகளில் பழம், இறைச்சி, விதை ஆகியவற்றைக் கரைக்குக் கொண்டுவரத் தடை இருக்கிறது. நியூசிலாந்தில் அறிவிக்காமல் கொண்டுவந்து பிடிபட்டால் அந்த இடத்திலேயே 400 நியூசிலாந்து டாலர் அபராதம்.

கைப்பேசியைக் கப்பலில் இருக்கும்வரை விமானப் பயன்முறையிலேயே வையுங்கள். கடல்வழி செல்பேசி வலையமைப்பில் அது தானாக இணைந்துவிட்டால், உங்கள் ரோமிங் திட்டம் அதை உள்ளடக்காமல் பெரிய தொகையில் கட்டணம் வரக்கூடும். நாட்டின் வரைபடத்தையும் முன்கூட்டியே இறக்கி வைத்துக்கொள்ளுங்கள்.

7. காலையில்

பெரும்பாலும் கப்பலின் அரங்கத்தில் கூடச் சொல்வார்கள். சுற்றுலாச் சீட்டைக் காட்டினால் எண்ணிட்ட ஒட்டுவில்லை ஒன்றைச் சட்டையில் ஒட்டிவிடுவார்கள். அந்த எண்தான் உங்கள் பேருந்து. குடும்பத்தில் எல்லோரும் ஒன்றாக வந்து வாங்கினால்தான் ஒரே எண் கிடைக்கும், ஒருவர் முன்னால் வந்து இடம்பிடிப்பது பலிக்காது. எண் கூப்பிட்டபின் கழிப்பறைக்கு ஓடாமல் அதற்கு முன்பே போய் வந்துவிடுங்கள், அடுத்த வசதி ஒன்றரை மணி நேரத்துக்குப் பிறகாக இருக்கலாம்.

பேருந்தில் ஏறும் முன் அதன் முன்பக்கத்தை, எண் பலகையும் ஒட்டுவில்லை எண்ணும் தெரியும்படி படமெடுத்துக்கொள்ளுங்கள். பெரிய வாகன நிறுத்தத்தில் ஒரே நிறத்தில் முப்பது பேருந்துகள் நிற்கும்போது இதன் அருமை தெரியும். நாட்டுப்புறக் காட்சிக்காகவே போகிறீர்கள் என்றால், கடலோ பள்ளத்தாக்கோ எந்தப் பக்கம் வரும் என்று வழிகாட்டியைக் கேட்டு அமருங்கள்; வளைந்த மலைச்சாலையில் குமட்டல் வருபவர்கள் முன்வரிசைக்குப் போய்விடுங்கள். ஓடும் பேருந்திலிருந்து படமெடுக்க வேண்டுமென்றால் கைப்பேசியைக் கண்ணாடியோடு ஒட்டிப் பிடியுங்கள். இல்லாவிட்டால் உங்கள் சட்டையின் பிம்பம்தான் மலைமேல் விழும்.

காதில் மாட்டும் ஒலிக்கருவி கொடுத்தால் வண்டியை விட்டு இறங்கும் முன்பே அலைவரிசை சரியாக இருக்கிறதா என்று பார்த்துவிடுங்கள். அது வழிகாட்டியிலிருந்து சற்றுத் தொலைவு வரைதான் கேட்கும். குரல் கரகரக்கத் தொடங்கினால் நீங்கள் குழுவை விட்டு விலகுகிறீர்கள் என்று பொருள்.

8. திரும்பும்போது

தனியாக உலாவ நேரம் கொடுக்கும்போது, எத்தனை மணிக்கு, எந்த இடத்தில் கூட வேண்டும் என்பதை வழிகாட்டியிடமே திரும்பச் சொல்லி உறுதி செய்யுங்கள். அவருடைய எண்ணையும் வாங்கிக்கொள்ளுங்கள். கப்பல் சுற்றுலாவுக்குக் கப்பல் காத்திருக்கும் என்றேனே, அது பேருந்து தாமதமானால்தான். நீங்கள் ஒருவர் கடைவீதியில் நின்றுவிட்டால் பேருந்து ஓரளவுக்கு மேல் நிற்காது.

ஏதோ காரணத்தால் கப்பலைத் தவறவிட்டால் நேராகத் துறைமுகத்தில் உள்ள கப்பல் முகவரைத் தொடர்புகொள்ளுங்கள். வராத பயணிகளின் கடவுச்சீட்டுகளைக் கேபின் பெட்டகத்திலிருந்து எடுத்து முகவரிடம் கொடுத்துவிட்டுப் போவதும் உண்டு. கப்பல் நிறுவனத்தின் சுற்றுலாப் பேருந்தே தாமதமானால் தவிர, அடுத்த துறைமுகத்துக்குப் போகும் செலவு உங்களுடையது. அடுத்த துறைமுகம் வேறு நாட்டில் என்றால் விசா சிக்கலும் சேரும். இந்தச் செலவைத் தரும் காப்பீட்டுத் திட்டங்கள் இருக்கின்றன, எடுக்கும்போதே கேளுங்கள்.

கப்பலேறும்போது பைகள் ஊடுகதிர்ச் சோதனைக்குப் போகும். கரையில் வாங்கிய மதுப்புட்டிகளைப் பொதுவாக வாங்கி வைத்துக்கொண்டு பயணத்தின் கடைசி இரவு தருவார்கள். அலங்காரக் கத்தி போன்றவற்றுக்கும் அதே நடைமுறைதான்.

9. குறை இருந்தால்

சொன்ன இடம் காட்டப்படவில்லை, நுழைவு இருப்பதாக எழுதியிருந்தும் வெளியிலிருந்தே காட்டினார்கள் என்றால், அன்று மாலையே சுற்றுலா மேசைக்குப் போய், விளக்கக் குறிப்பின் அச்சுப்படியைக் காட்டிப் புகார் எழுதிக் கொடுங்கள். எங்கள் பேருந்தில் வந்த ஒரு தம்பதி, குறிப்பிட்ட வரியின்கீழ் பேனாவால் கோடிட்டு எடுத்துப் போனார்கள். மறுநாளே ஒரு பகுதித் தொகை அவர்கள் கேபின் கணக்கில் வரவு வைக்கப்பட்டது. வீட்டுக்குப் போய் மின்னஞ்சல் அனுப்பலாம் என்று விட்டால் வாரக்கணக்கில் இழுபடும். கடைசி இரவு கணக்குச் சீட்டு வரும்போது ஒவ்வொரு சுற்றுலாவும் ஒருமுறைதான் பதிவாகியிருக்கிறதா, ரத்தான துறைமுகத்தின் பணம் திரும்பியிருக்கிறதா என்று பார்த்து, பிழை இருந்தால் இறங்கும் முன்பே, காலை வரிசை நீளும் முன் இரவோடு இரவாக வரவேற்பு மேசையில் திருத்தி வாங்கிவிடுங்கள்.